போய் வரும் மின்சாரம்

தேக்கா வட்டாரத்தில் மாலைப் பொழுது சாயும் வேளை. சிராங்கூன் சாலையின் இரு மருங்கிலும் உள்ள பூக்கடைகளிலும் நகைக்கடைகளிலும் ஒன்றன்பின் ஒன்றாக விளக்குகள் எரியத் தொடங்குகின்றன. தீபாவளி நெருங்கும் நாள்களிலோ சாலைக்குக் குறுக்கே அமைத்த அலங்கார வளைவுகளும் சேர்ந்து ஒளி வீசுகின்றன. இவ்விளக்குகளுக்கு வரும் மின்சாரம் ஒரு நொடியில் ஐம்பது முறை போய் வருகிறது. அதாவது நொடிக்கு நூறு முறை தன் திசையை மாற்றிக்கொள்கிறது என்று அறிவியல் நூல்கள் கூறுகின்றன.

இதனைக் கேட்கும் மாணவன் உள்ளத்தில் ஓர் ஐயம் எழுதல் இயல்பே. "வந்த மின்சாரம் வந்த வழியே திரும்பிப் போய்விட்டால் நமக்கு மிஞ்சுவது என்ன? கொடுத்த கையே பிடுங்கிக்கொண்டது போல் ஆகாதா? பிறகு விளக்கு எப்படி எரிகிறது?" இஃது அறியாமையால் எழும் வினா அன்று. ஊன்றிச் சிந்திப்பவனுக்கே இவ்வினா தோன்றும்.

சிங்கப்பூரில் நம் பிள்ளைகள் அறிவியலை ஆங்கிலத்தில் பயில்கின்றனர். ஆயினும் ஐயம் தோன்றும்போது அதனை வீட்டில் தமிழில் கேட்கும் பிள்ளைகளும், தமிழாசிரியரிடம் கொண்டுவரும் மாணவர்களும் உண்டு. "அதை அறிவியல் ஆசிரியரிடம் கேள்" என்று சொல்லி அனுப்பிவிடுதல் எளிது. ஆனால் அவ்வாறு அனுப்புந்தோறும், இத்தகைய செய்திகளைச் சொல்லத் தமிழ் உதவாது என்னும் எண்ணத்தை அப்பிள்ளையின் உள்ளத்தில் நாமே விதைத்துவிடுகிறோம். ஆதலின் போய் வரும் இம்மின்சாரத்தின் இயல்பு யாது, அஃது எவ்வாறு பிறக்கிறது, ஏன் அதனையே ஊரெங்கும் பயன்படுத்துகிறோம் என்பவற்றை முறையாகக் காண்போம்.

மத்தும் மின்னோட்டமும்

தயிர் கடையும் மத்தை நினைத்துப் பாருங்கள். கயிற்றின் ஒரு முனையை இழுத்தால் மத்து ஒரு பக்கம் சுழலும். மறு முனையை இழுத்தால் எதிர்ப்பக்கம் சுழலும். கயிறு எங்கும் போய்விடுவதில்லை. போவதும் வருவதுமாக ஒரே இடத்தில்தான் இருக்கிறது. ஆயினும் வெண்ணெய் திரள்கிறது. கடைபவரின் கையாற்றல், கயிறு முன்னே செல்லும்போதும் பின்னே வரும்போதும் ஒரே வகையில் தயிரைச் சேர்கிறது. "கயிறு திரும்பி வந்துவிட்டதே, வெண்ணெயும் திரும்பித் தயிராகிவிடாதா?" என்று எவரும் கேட்பதில்லை.

மின்சாரமும் இத்தகையதே. செம்புக் கம்பிக்குள் எலக்ட்ரான் எனப்படும் நுண்துகள்கள் எண்ணிலடங்காதவை இருக்கின்றன. அவை ஒரே திசையில் தொடர்ந்து நகர்ந்தால் அது நேர்திசை மின்னோட்டம். கைவிளக்கில் நாம் இடும் பாட்டரி தருவது இதுவே. அவை முன்னும் பின்னுமாக அசைந்தால் அது மாறுதிசை மின்னோட்டம். பேச்சு வழக்கில் முன்னதை டி.சி. என்றும் பின்னதை ஏ.சி. என்றும் கூறுவர். விளக்குக்குச் செல்லும் கம்பியில் ஓர் எலக்ட்ரான் முன்னும் பின்னும் அசையும் தொலைவு ஒரு மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கையும் எட்டாது. மின்நிலையத்திலிருந்து புறப்பட்டு நம் வீடு வந்து சேரும் எலக்ட்ரான் ஒன்றுமில்லை. விளக்கில் உள்ளவை தொடக்கத்திலிருந்தே அங்கு உள்ளவை. வந்து சேர்வது அவற்றை அசைக்கும் ஆற்றலே. துகள் போய் வருகிறது. ஆற்றலோ வந்து சேர்கிறது. மாணவனின் ஐயத்துக்கு இதுவே விடை.

ஈண்டுச் சொல்லைப் பற்றியும் ஒன்று குறிப்பிடலாம். தமிழகத்துப் பாடநூல்கள் இதனை மாறுதிசை மின்னோட்டம் என்கின்றன. இலங்கைத் தமிழரின் பாடநூல்களில் இதற்கு ஆடலோட்டம் என்பது பெயர். முன்னது திசை மாறுவதைச் சொல்கிறது. பின்னது ஊஞ்சல்போல் ஆடும் அசைவைக் கண்முன் நிறுத்துகிறது. வகுப்பில் இரண்டையும் எடுத்துக் கூறினால் பொருள் தெளிவாக விளங்கும்.

காந்தம் சுழல, மின்சாரம் பிறக்கும்

1831ஆம் ஆண்டில் இலண்டனில் மைக்கேல் பாரடே என்னும் அறிஞர், கம்பிச் சுருள் ஒன்றினுள் ஒரு காந்தத்தைச் செருகிப் பார்த்தார். காந்தம் உள்ளே நுழையும்போது கம்பியில் மின்னோட்டம் தோன்றியது. காந்தம் அசையாமல் உள்ளேயே இருந்தபோது ஒன்றும் தோன்றவில்லை. வெளியே இழுத்தபோது மீண்டும் மின்னோட்டம் தோன்றியது. ஆனால் எதிர்த்திசையில் தோன்றியது. காந்தம் இருப்பதனால் மட்டும் மின்சாரம் பிறவாது. சுருளின் ஊடே உள்ள காந்த விசை மாறவேண்டும் என்பது இதனால் புலனாயிற்று. மாற்றமே மின்சாரத்தைப் பிறப்பிக்கிறது என்னும் இவ்வுண்மைதான் மின்நிலையங்கள் அனைத்திற்கும் அடிப்படை. இதனை நினைவில் இருத்திக்கொண்டால் பின்வருவன யாவும் எளிதில் விளங்கும்.

காந்தத்தைக் கையால் செருகி இழுப்பதற்கு மாறாக, ஒரு சுருளின் முன்னே அதனைச் சுழலவிடுவோம். வடமுனை சுருளை நெருங்கி வரும்போது மின்னோட்டம் ஒரு திசையில் பெருகுகிறது, பின் தணிகிறது, ஒரு கணம் இல்லாமற்போகிறது. அடுத்துத் தென்முனை நெருங்குகிறது. மின்னோட்டம் எதிர்த்திசையில் பெருகி, மறுபடியும் தணிந்து சுழியாகிறது. காந்தம் ஒரு சுற்றுச் சுற்றி முடிக்குமுன் மின்னோட்டம் ஒரு முறை போய் வந்துவிடுகிறது. இதனைத் தாளில் வரைந்தால் மேடும் பள்ளமுமாகக் கடல் அலைபோல் தோன்றும்.

ஆகவே சுழலும் எந்திரத்தில் இயல்பாகப் பிறப்பது மாறுதிசை மின்சாரமே. 1832ஆம் ஆண்டில் பாரிசு நகரத்துக் கருவி வல்லுநர் பிக்சி என்பவர் கையால் சுழற்றும் மின்னாக்கி ஒன்றைச் செய்தார். அதில் மின்னோட்டம் திசை மாறி மாறி வந்தது. பாட்டரியின் ஒழுங்கான ஓட்டத்துக்கே பழகியிருந்த அக்காலத்து அறிஞர் இதனை ஒரு குறையாகவே கருதினர். ஆம்பியர் என்னும் அறிஞரின் யோசனைப்படி, ஒவ்வொரு முறையும் இணைப்பை மாற்றித் தரும் ஓர் அமைப்பை எந்திரத்தில் பொருத்தி, மின்னோட்டத்தை ஒரே திசையில் செல்லச் செய்தனர். குறை எனத் தள்ளப்பட்ட இத்திசை மாற்றமே பின்னாளில் பெரும் பயன் தந்தது என்பதை மேலே காண்போம்.

இன்றைய மின்நிலையத்தில் நடப்பதும் அடிப்படையில் இதுவே. சிங்கப்பூரின் மின்சாரத்தில் ஏறத்தாழ 95 விழுக்காடு இயற்கை எரிவாயுவிலிருந்து கிடைக்கிறது. எரிவாயு எரிந்து எழும் வெப்பக் காற்று டர்பைன் எனப்படும் விசிறிச் சக்கரத்தைச் சுழற்றுகிறது. அங்கிருந்து வெளியேறும் சூட்டையும் வீணாக்காமல் நீரைக் கொதிக்கவைத்து, அந்நீராவியால் இன்னொரு டர்பைனைச் சுழற்றுகின்றனர். டர்பைனோடு ஒரே தண்டில் இணைந்த பெரிய மின்காந்தம் சுழல்கிறது. அதனைச் சூழ்ந்து அசையாமல் நிற்கும் செம்புச் சுருள்களில் மின்சாரம் பிறக்கிறது.

இச்சுருள்கள் ஒரு தொகுதியாக அல்லாமல் மூன்று தொகுதிகளாக, வட்டத்தை மூன்றாகப் பகுத்து 120 பாகை இடைவெளியில் அமைந்துள்ளன. ஆதலால் மூன்று அலைகள் ஒன்றன்பின் ஒன்றாகப் பிறக்கின்றன. இதனையே மும்முனை மின்சாரம் என்கிறோம். ஒருவர் மட்டும் உலக்கை போட்டால் ஒரு குத்துக்கும் மறு குத்துக்கும் நடுவே ஓய்வு உண்டு. மூவர் ஓர் உரலில் மாற்றி மாற்றிக் குத்தினால் இடையறாது வேலை நடக்கும். அதுபோல் ஓர் அலை தணியும்போது மற்றொன்று எழுவதால், மூன்றும் சேர்ந்து தரும் ஆற்றல் ஏற்றத்தாழ்வின்றி நிலையாக இருக்கிறது. பெரிய மோட்டார்களை ஓட்டுவதற்கு இது மிகவும் ஏற்றது.

ஐம்பதும் இருநூற்று முப்பதும்

நம் வீட்டு மின்கருவிகளின் பின்புறத்தில் 230 வோல்ட், 50 ஹெர்ட்ஸ் என்று குறித்திருப்பதைக் காணலாம். ஹெர்ட்ஸ் என்பது நொடிக்கு எத்தனை அலைகள் என்பதற்கான அளவு. வடமுனை ஒன்றும் தென்முனை ஒன்றும் உடைய காந்தம் ஒரு சுற்றுக்கு ஓர் அலையைத் தரும். நொடிக்கு ஐம்பது அலைகள் வேண்டுமானால் அது நொடிக்கு ஐம்பது சுற்று, நிமிடத்துக்கு 3,000 சுற்றுச் சுழல வேண்டும். நான்கு முனைகள் உடைய காந்தமாயின் 1,500 சுற்றே போதும். அமெரிக்காவில் நொடிக்கு 60 அலைகள். அங்கே இருமுனைக் காந்தம் 3,600 சுற்றுச் சுழல்கிறது.

இனி 230 வோல்ட் என்பது என்ன? மின்னழுத்தம் ஒவ்வொரு கணமும் மாறிக்கொண்டிருக்கும்போது ஒரே எண்ணால் அதனைக் குறிப்பது எங்ஙனம்? முன்னும் பின்னும் செல்வதைக் கூட்டிச் சராசரி கண்டால் சுழியே வரும். ஆனால் வெப்பம் திசையைப் பொருட்படுத்துவதில்லை. மின்னோட்டம் எப்பக்கம் சென்றாலும் கம்பி சூடேறும். ஆகவே எத்தனை வோல்ட் நேர்திசை மின்சாரம் அதே அளவு வெப்பத்தைத் தருமோ, அந்த எண்ணையே மாறுதிசை மின்சாரத்துக்கும் அளவாகக் கொண்டனர். உண்மையில் நம் வீட்டு மின்சாரம் ஒவ்வோர் அலையின் உச்சியிலும் ஏறத்தாழ 325 வோல்ட் வரை உயர்கிறது. இரண்டின் வர்க்கமூலமாகிய 1.414ஆல் 230ஐப் பெருக்கினால் இவ்வெண் கிடைக்கும். ஈரக் கையால் ஸ்விட்சைத் தொடாதே என்று பிள்ளைகளை எச்சரிக்கும்போது இந்த 325ஐயும் சொல்லி வைக்கலாம்.

தொலைவை வென்ற கதை

தேக்காவுக்கு மிக அருகில் மெக்கன்சி சாலை உள்ளது. 1905ஆம் ஆண்டில் சிங்கப்பூரில் மின்சார டிராம் வண்டிகள் ஓடத் தொடங்கியபோது அவற்றுக்கு மின்சாரம் தந்த நிலையம் அங்குதான் இருந்தது. அடுத்த ஆண்டு, 1906 மார்ச்சில், ராபிள்ஸ் பிளேஸ், நார்த் பிரிட்ஜ் ரோடு, போட் கீ ஆகிய இடங்களில் மின்சாரத் தெருவிளக்குகள் எரிந்தன. அவற்றுக்கும் டிராம் நிறுவனத்திடமிருந்தே நகராட்சி மின்சாரம் வாங்கியது. அவ்வண்டிகள் நேர்திசை மின்சாரத்தால் ஓடியவை. நிலையம் நகருக்குள்ளேயே இருந்ததால் அது போதுமானதாக இருந்தது.

நகரம் வளர வளர இது போதாது. அமெரிக்காவில் எடிசன் 1882ஆம் ஆண்டில் நியூயார்க் நகரத்தில் தொடங்கிய நேர்திசை மின்நிலையத்தால் சுற்றியிருந்த சிறு வட்டாரத்துக்கு மட்டுமே மின்சாரம் தர இயன்றது. காரணம் கம்பியில் ஏற்படும் இழப்பு. மின்னோட்டம் செல்லும் கம்பி சூடேறுகிறது. மின்னோட்டம் இரு மடங்கானால் சூடு நான்கு மடங்காகும். பத்து மடங்கானால் நூறு மடங்காகும்.

ஒரு கணக்குப் போட்டுப் பார்ப்போம். 2,300 கிலோவாட் ஆற்றலை ஓரிடத்துக்கு அனுப்பவேண்டும் எனக் கொள்வோம். 2 கிலோவாட் கொதிகெண்டிகள் 1,150 ஒரே வேளையில் கொதிப்பதற்கு இணையான ஆற்றல் இது. 230 வோல்ட் அழுத்தத்தில் அனுப்பினால் 10,000 ஆம்பியர் மின்னோட்டம் தேவை. 2,30,000 வோல்ட்டில் அனுப்பினாலோ 10 ஆம்பியர் போதும். கம்பியின் தடை ஓர் ஓம் என்று கொண்டால், 10 ஆம்பியர் செல்லும்போது ஏற்படும் இழப்பு வெறும் 100 வாட். 10,000 ஆம்பியர் செல்லவேண்டுமானால் இழப்பு ஒரு லட்சம் கிலோவாட். அனுப்ப எண்ணிய ஆற்றலைப்போல் நாற்பது மடங்குக்கும் மேல் வழியிலேயே அழியவேண்டும் என்றால், அனுப்பவே இயலாது என்பதே பொருள். அழுத்தம் ஆயிரம் மடங்கு உயர்ந்தால் இழப்பு பத்து லட்சத்தில் ஒரு பங்காகக் குறைகிறது. இவ்வெண்கள் கற்பனை அல்ல. சிங்கப்பூரின் பெரிய மின்கம்பி வடங்களில் 2,30,000 வோல்ட்டும், வீட்டில் 230 வோல்ட்டும் உண்மையாகவே உள்ளன. சரியாக ஆயிரம் மடங்கு.

அவ்வளவு உயர்ந்த அழுத்தத்தை வீட்டுக்குள் கொண்டுவர முடியாது. வழியில் உயர்த்தவும் வாசலில் தாழ்த்தவும் ஒரு கருவி வேண்டும். அதுவே டிரான்ஸ்பார்மர் எனப்படும் மின்மாற்றி. இரும்புச் சட்டம் ஒன்றில் இரண்டு கம்பிச் சுருள்கள். ஒன்றோடொன்று அவை இணையவில்லை. முதற் சுருளில் மாறுதிசை மின்சாரம் பாய்ந்தால் இரும்பில் காந்த விசை பெருகியும் குறைந்தும் திசை மாறியும் நிற்கும். மாறும் காந்த விசை மின்சாரத்தைப் பிறப்பிக்கும் என்று பாரடே கண்டாரல்லவா? அதன்படி இரண்டாம் சுருளில் மின்சாரம் பிறக்கிறது. அதன் சுற்றுகள் பத்து மடங்காயின் அழுத்தமும் பத்து மடங்காகும். பத்தில் ஒன்றாயின் அழுத்தமும் அவ்வளவே. அசையும் உறுப்பு ஒன்றுமில்லை. நேர்திசை மின்சாரத்தைத் தொடர்ந்து செலுத்தினால் இக்கருவி வேலை செய்யாது. அங்கே மாற்றம் இல்லை அன்றோ? பிக்சியின் காலத்தில் குறையாகத் தோன்றிய திசை மாற்றமே தொலைவை வெல்லும் வழியாயிற்று.

1885ஆம் ஆண்டில் புடாபெஸ்ட் நகரப் பொறியாளர் மூவர் சிறந்த மின்மாற்றியை உருவாக்கினர். 1888ஆம் ஆண்டில் டெஸ்லா பல முனை மின்சாரத்தால் இயங்கும் மோட்டாருக்கு உரிமம் பெற்றார். இவற்றின் பயனைத் தமிழர் அருகிருந்தே கண்டனர். 1902ஆம் ஆண்டில் காவிரியாற்றின் சிவசமுத்திர அருவியில் பிறந்த மாறுதிசை மின்சாரம், ஏறத்தாழ 147 கிலோமீட்டர் தொலைவிலிருந்த கோலார் தங்கவயலுக்குச் சென்றது. அச்சுரங்கங்களில் உழைத்தவருள் தமிழர் மிகப் பலர். காவிரி நீரின் வலிமை மலையும் காடும் கடந்து சுரங்க எந்திரங்களை இயக்கியது. அக்காலத்தில் உலகிலேயே மிக நீண்ட மின்கம்பி வழிகளுள் ஒன்றாக அது விளங்கியது.

சிங்கப்பூரிலும் மின்நிலையங்கள் நகர நடுவை விட்டுக் கடற்கரைக்குச் சென்றன. 1927ஆம் ஆண்டில் துறைமுகத்தருகே செயின்ட் ஜேம்ஸ் மின்நிலையம் திறக்கப்பட்டது. எரிபொருள் கப்பலில் வரும்; எந்திரத்தைக் குளிர்விக்கக் கடல்நீர் கிடைக்கும். 1976ஆம் ஆண்டில் அந்நிலையம் ஓய்ந்தது. அதன் கட்டடம் தேசிய நினைவுச்சின்னமாக இன்றும் நிற்கிறது. பின்னர் செனோக்கோ, துவாஸ், ஜூரோங் தீவு என ஓரங்களில் பெரிய நிலையங்கள் அமைந்தன. அங்கே பிறக்கும் மின்சாரம் 4,00,000, 2,30,000, 66,000 வோல்ட் என்னும் அழுத்தங்களில் நிலத்தடி வடங்கள் வழியே வந்து, 22,000, 6,600 எனப் படிப்படியாக இறங்கி, முடிவில் 400 வோல்ட் மும்முனையாகவும் 230 வோல்ட் ஒருமுனையாகவும் நம்மை வந்தடைகிறது.

ஊரின் நாடித்துடிப்பு

ஒரே வலையில் இணைந்த மின்னாக்கிகள் அனைத்தும் அணிவகுத்துச் செல்லும் படைவீரர்போல் ஒத்த அடியெடுத்துச் சுழலவேண்டும். ஊர் முழுதும் செலவிடும் ஆற்றலும் நிலையங்கள் தரும் ஆற்றலும் ஒவ்வொரு கணமும் சமமாக இருக்கவேண்டும். செலவு மிகுந்தால் சுமை தாங்காத வண்டிமாடுபோல் எந்திரங்கள் தளர்கின்றன. ஐம்பது என்னும் எண் குறைகிறது. செலவு குறைந்தால் அவை விரைகின்றன, எண் கூடுகிறது. ஆகையால் இந்த ஐம்பதை ஊரின் நாடித்துடிப்பு எனலாம். கட்டுப்பாட்டு நிலையத்தில் இரவும் பகலும் இதனைக் கவனித்தவண்ணம் உள்ளனர்.

நாடி தளர்ந்தால் என்ன ஆகும் என்பதைச் சிங்கப்பூர் 2018ஆம் ஆண்டு செப்டம்பர் 18ஆம் நாள் கண்டது. நள்ளிரவு ஒரு மணிக்குப்பின் சில மின்னாக்கிகள் திடீரென நின்றன. 1,40,000க்கும் மேற்பட்ட வீடுகளும் வணிக நிலையங்களும் இருளில் ஆழ்ந்தன. இருந்த ஆற்றலுக்கேற்பச் சுமையைத் தானாகக் குறைக்கும் பாதுகாப்பு ஏற்பாடு இயங்கியதால் எஞ்சிய ஊர் காப்பாற்றப்பட்டது. நாற்பது நிமிடங்களுக்குள் மின்சாரம் மீண்டது. இன்று மலேசியாவின் மின்வலையோடு சிங்கப்பூரின் வலை இணைந்துள்ளது. இரு நாட்டிலும் துடிப்பு ஐம்பதாக இருப்பதால் இது நேரடியாக இயல்கிறது. ஜப்பானில் ஒரு பாதி நாட்டில் 50, மறு பாதியில் 60. ஒரு பாதியிலிருந்து மற்றொன்றுக்கு மின்சாரம் அனுப்பத் தனி எந்திர நிலையங்களே தேவைப்படுகின்றன.

நேர்திசை மறையவில்லை

இத்தனை சிறப்பு மாறுதிசைக்கு இருப்பினும் நேர்திசை மின்சாரம் மறைந்துவிடவில்லை. கைப்பேசியும் கணினியும் அதனையே உண்கின்றன. தீபாவளி வளைவுகளில் மின்னும் எல்.இ.டி. விளக்குகள் மின்னோட்டத்தை ஒரு பக்கமே விடும் இயல்பின. வரும் மின்சாரத்தை நேர்திசையாக்கியே அவற்றுக்குத் தருகின்றனர். தெங்கே நீர்த்தேக்கத்தில் 2021ஆம் ஆண்டு முதல் மிதக்கும் சூரியத் தகடுகள் பிறப்பிப்பதும் நேர்திசையே. இன்வெர்ட்டர் என்னும் கருவி அதனை ஐம்பது துடிப்புள்ளதாக மாற்றி வலையில் சேர்க்கிறது.

இதனை நேரிற் காண விரும்புவோர் லிட்டில் இந்தியா பெருவிரைவு ரயில் நிலையத்துக்குச் செல்லலாம். அங்கே வடகிழக்குப் பாதையின் வண்டி, தலைக்குமேல் உள்ள கம்பியிலிருந்து 1,500 வோல்ட் நேர்திசை மின்சாரம் பெறுகிறது. டௌன்டவுன் பாதையின் வண்டியோ பக்கத்துத் தண்டவாளத்திலிருந்து 750 வோல்ட் நேர்திசை பெறுகிறது. இவ்விரண்டும் மாறுதிசையாக வந்து, பாதையருகே நேர்திசையாக மாறியவை. வடகிழக்குப் பாதை வண்டியின் உள்ளே அது மறுபடியும் மாறுதிசையாகி மோட்டாரைச் சுழற்றுகிறது. நேர்திசையால் டிராம் ஓட்டிய மெக்கன்சி சாலையின் அண்மையிலேயே, நூறாண்டு கழித்து, இரு வகை மின்சாரமும் கைகோத்து நிற்கின்றன.

இனி ஒரு மாணவன், "போய் வரும் மின்சாரத்தால் விளக்கு எப்படி எரிகிறது?" என்று கேட்டால், அவனை வேறிடம் அனுப்ப வேண்டியதில்லை. மத்தும் கயிறும் கொண்டு தொடங்கலாம். வெண்ணெய் திரண்டபின், 230ஐயும் 2,30,000ஐயும் கொடுத்து அவனையே கணக்குப் போடச் சொல்லலாம்.